உதட்டில் தெரிந்த 'வாரேன்'

என் மகள் கல்யாண மண்டபத்தை விட்டுக் கிளம்பிய நேரத்தில் நான் பக்கத்து அறையில் படுத்திருந்தேன். விடியற்காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடாமல் ஓடியாடியதில் ரத்த அழுத்தம் ஏறி, தாலி கட்டி முடிந்த கொஞ்ச நேரத்தில் தலை சுற்றிவிட்டது. யாரோ மின்விசிறியை என் பக்கம் திருப்பி வைத்தார்கள். யாரோ சோடா கொடுத்தார்கள். கண் விழித்தபோது வெளியே நாற்காலிகளை அடுக்கும் சத்தம் கேட்டது.

"புள்ள கெளம்பிருச்சா?" என்று கேட்டேன்.

"போயாச்சு," என்றார் என் கணவர். "உன்ன எழுப்ப வேண்டாம்னு சொல்லிருச்சு. கார்ல ஏறுறதுக்கு முன்னால இந்த ரூம்பப் பாத்து வாரேன்னு சொல்லிட்டுத்தான் போச்சு."

ஒரே மகள். அவள் பிறந்த வீட்டை விட்டுப் போகும்போது சொன்ன சொல்லை ஊரே கேட்டிருக்கிறது, நான் கேட்கவில்லை. மலைக்குத் திரும்பிய பிறகும் அது என்னை விடவில்லை. பாத்திரம் கழுவும்போது, வகுப்பில் கரும்பலகையைத் துடைக்கும்போது, சும்மா நிற்கும்போதுகூட அதே நினைப்பு.

நான் எதற்கும் கவலைப்படுகிறவள். இதை மறைக்க ஒன்றுமில்லை, கொல்லிமலையில் எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். மலையில் ஊர்த் தொகுதிகளை நாடு என்போம்; திண்ணனூர் நாட்டில் எங்களுக்கு மிளகும் காப்பியும் இருக்கின்றன, அவற்றை என் கணவர் பார்த்துக்கொள்கிறார். நான் அரசுப் பள்ளியில் தமிழாசிரியை. மகள் நாமக்கல்லில் விடுதியில் தங்கிப் படித்த நாட்களில், திங்கட்கிழமை காலை அவள் ஏறிய பஸ் வளைவுகளையெல்லாம் கடந்து அடிவாரத்தைத் தொடும்வரை எனக்குத் தண்ணீர் இறங்காது. காரவள்ளி வந்ததும் "எறங்கிட்டேன்மா" என்று அவள் போனில் சொல்ல வேண்டும். சொன்ன பிறகுதான் வகுப்புக்குள் போவேன். தலைமையாசிரியர்கூட, "டீச்சர், காரவள்ளி வந்தாச்சா, பெல் அடிக்கலாமா?" என்று கேலி செய்வார்.

அதனால்தான் பெங்களூர் மாப்பிள்ளையையும் புனே மாப்பிள்ளையையும் வேண்டாம் என்றேன். என் தம்பி கொண்டுவந்த இந்த இடத்துக்கு மட்டும் உடனே தலையாட்டினேன். பையன் நாமக்கல்லில் லாரிக்குப் பாடி கட்டும் பட்டறையில் இன்ஜினியர். காரவள்ளியில் இறங்கி இன்னொரு பஸ் ஏறினால் மகள் வீடு. "பக்கத்துலதானக்கா, நெனச்சா போயி ஒரு வாய் காப்பி குடிச்சுட்டு வந்துரலாம்," என்றான் தம்பி. அந்தக் காப்பிக்காகத்தான் சம்மதித்தேன்.

கல்யாண வீடியோ ஆனி மாதம் வந்தது. ஸ்டுடியோக்காரர் அழகாக வெட்டி ஒட்டி, தொடக்கம் முதல் கடைசிவரை சினிமாப் பாட்டுப் போட்டிருந்தார். மகள் காரில் ஏறும் இடம் பூவிதழ்கள் பறக்கும் அலங்காரத்துக்குள் நொடியில் கரைந்துபோனது. நான் ஸ்டுடியோவுக்குப் போன் செய்து, வெட்டாத ஒரிஜினல் வேண்டும் என்று கேட்டேன். அவர் ஒரு மெமரி கார்டில் போட்டு, கவரில் வைத்து, மலை ஏறும் பஸ்ஸின் கண்டக்டரிடம் கொடுத்தனுப்பினார்.

"பச்ச வீடியோவெல்லாம் எதுக்கு அம்மிணி? கேமராக்காரன் செருப்பத்தான் எடுத்து வச்சிருப்பான்," என்றார் என் கணவர்.

செருப்புகளும் இருந்தன. ஆனால் மகள் கிளம்பும் இடமும் முழுசாக இருந்தது. மண்டப வாசலில் கார். என் தம்பி, தாய்மாமன் முறைக்கு, அவள் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். என் கணவர் தோளில் துண்டோடு பக்கத்தில். மூவரும் ஏதோ பேசுகிறார்கள், சிரிக்கிறார்கள். பிறகு அவள் திரும்பி, நான் படுத்திருந்த அறையின் பக்கம் பார்த்து ஒரே ஒரு சொல் சொல்கிறாள். அப்பாவிடம் ஏதோ சொல்லிவிட்டுக் காரில் ஏறுகிறாள்.

படம் கண்ணாடிபோல் தெளிவு. சத்தம் மட்டும் இல்லை.

"அன்னிக்கு மைக்கு ரிப்பேரு. ஸ்டுடியோக்காரர் அப்பவே சொன்னாரு," என்றார் கணவர். மகளிடம் போனில் கேட்டேன். அவள் கம்ப்யூட்டர் படித்தவள். "ஒரிஜினல்னா அப்படித்தான்மா இருக்கும். அதெல்லாம் விடுங்க," என்றாள்.

சரி, சத்தம் வேண்டாம், உதடு போதும் என்று இருந்துவிட்டேன். அந்த இடத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். வாரேன். அப்பட்டமாகத் தெரிந்தது. எங்கள் பக்கத்தில் வீட்டை விட்டுக் கிளம்புகிறவர் போறேன் என்று சொல்ல மாட்டார். கடைக்குப் போனாலும் கல்யாணமாகிப் போனாலும் வாரேன்தான். சமையலுக்கு நடுவே ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு பார்ப்பேன். அவள் வாரேன் என்பாள். நான் "வா சாமி" என்பேன், அடுப்பைப் பார்த்துக்கொண்டே.

ஒருநாள் மதியம் பள்ளியில் அதைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் திரையின் அடியில் வந்துபோகும் வரியைக் கவனித்தேன். என் போனில் எல்லாம் தமிழில்தான் இருக்கும். 'இந்த ஒலி வடிவம் ஆதரிக்கப்படவில்லை' என்று காட்டிவிட்டு மறைந்தது. தமிழ் சொல்லிக்கொடுத்துப் பிழைக்கிறவளுக்கு அங்கே ஒன்று உறுத்தியது. ஒலி இல்லை என்று அது சொல்லவில்லையே. இருக்கிறது, எனக்கு எடுக்கத் தெரியவில்லை என்றல்லவா சொல்கிறது?

எங்கள் கம்ப்யூட்டர் டீச்சரிடம் காட்டினேன். திருச்சிக்காரப் பெண், மலைக்கு மாற்றலாகி வந்து இரண்டு மழைக்காலம் பார்த்துவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போய்விட்டு நேராக எங்கள் வீட்டுக்கு மரவள்ளிக்கிழங்கு சாப்பிட வருகிற அளவுக்குப் பழக்கம்.

பார்த்ததும் சிரித்தாள். "டீச்சர், வீடியோ ஊமை இல்ல. உங்க போன்தான் செவிடு."

"செவிட்டுக்கு வைத்தியம் இருக்கா?"

"இருக்கே. தனியா ஒரு காது எறக்கி மாட்டணும்."

அந்தக் காதுக்குப் பெயர் கோடெக் என்று சொன்னாள். பெரிய கேமராக்காரர்கள் ஒலியை ஒரு விதமாகச் சுருட்டிக் கட்டி வைப்பார்களாம். அந்தக் கட்டை அவிழ்க்கத் தெரிந்தால்தான் சத்தம் வரும். என் போனில் இருந்த வீடியோ செயலி வேறு கட்டுகளையெல்லாம் அவிழ்க்கும், இதை மட்டும் அவிழ்க்காது. அவிழ்க்கும் வித்தையைத் தனிக் கோப்பாக இறக்கிச் செயலிக்குக் கொடுக்க வேண்டும்.

"மைக்கு ரிப்பேர்னு சொன்னாங்களே," என்றேன்.

"யார் சொன்னா? மைக்கு ரிப்பேர்னா இந்த வரியே வந்திருக்காது டீச்சர்."

அப்போதுகூட எனக்கு எதுவும் தோன்றவில்லை. ஸ்டுடியோக்காரர் தெரியாமல் சொல்லியிருப்பார் என்று நினைத்தேன். சந்தோஷம்தான் முதலில் வந்தது.

எங்கள் பள்ளியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில்தான் நெட் சிக்னல் கிடைக்கும். மறுநாள் இடைவேளையில் அங்கே நின்று நானே இறக்கப் பார்த்தேன். அந்தப் பக்கத்தில் 'பதிவிறக்கு' என்று நாலைந்து பொத்தான்கள். ஒன்றை அழுத்தினால் என் போனில் வைரஸ் இருப்பதாகச் சிவப்பில் மிரட்டியது. இன்னொன்று ஏதோ சூதாட்டத்துக்குக் கூப்பிட்டது. கடைசியில் ஒரு கோப்பு இறங்கியது. செயலி அதைச் சட்டை செய்யவே இல்லை. கம்ப்யூட்டர் டீச்சர் வந்து பார்த்து, "இது வேற போனோட காது," என்றாள். ஒவ்வொரு போனின் மூளைக்கும் ஏற்ற கோடெக் வேறாம். செயலியின் அமைப்புகளுக்குள் போனால், அடியில் எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு பெயர் இருந்தது. அதே பெயருள்ள கோப்பைத்தான் எடுக்க வேண்டும்.

சரியான கோப்பை இறக்கினேன். எதையும் பிரித்துப் பார்த்துவிடும் புத்தி எனக்கு. அந்தச் சுருக்கிய கோப்பையும் பிரித்துவிட்டேன். உள்ளேயிருந்து புரியாத சில்லறைகள் கொட்டின.

"பார்சலப் பிரிக்காதீங்க டீச்சர்! அது அப்படியே இருக்கணும், செயலியே பிரிச்சுக்கும்," என்று தலையில் அடித்துக்கொண்டாள்.

மறுபடி இறக்கினோம். அன்று பள்ளி விட்ட பிறகு, கம்ப்யூட்டர் அறையில் உட்கார்ந்து செயலியைத் திறந்தோம். 'கோடெக் கிடைத்துள்ளது. பயன்படுத்தவா?' என்று அதுவே கேட்டது. சரி என்று அழுத்தினேன். மூடித் திறந்துகொண்டது. நான் மகள் கிளம்பும் இடத்துக்குப் போய், சத்தத்தை முழுசாக ஏற்றி வைத்தேன். அவள் என்னிடம் 'வாரேன்' என்று சொல்வதை இந்தப் பெண்ணும் கேட்கட்டும் என்று இருந்தது எனக்கு.

முதலில் ஜெனரேட்டர் இரைச்சல். அப்புறம் என் தம்பியின் குரல், பக்கத்தில் நின்று பேசுவதுபோல்.

"ஏங்கண்ணு, பாஸ்போர்ட்டெல்லாம் பத்திரமா வச்சிருக்கியா?"

"அவரு பேக்ல இருக்குதுங்க மாமா. விசா வந்ததும் டிக்கெட் போடறதுதான்."

"கனடாவுல பனி இடுப்பு மட்டும் பெய்யுமாம். போத்திக்கறதுக்கு உங்கப்பன் மொளகு மூட்டையக் குடுத்துவிடுவான்."

"மெதுவாப் பேசு மாப்ள. அவ உள்ளதான் படுத்திருக்கறா." இது என் கணவர்.

"தெரிஞ்சா என்ன பண்ணுவா? காரவள்ளிக்கு எறங்கிப் போயி ரோட்டுக்குக் குறுக்க படுத்துக்குவா. பஸ்ஸு, லாரி, ஒண்ணு போவாது!"

மூவரும் சிரித்தார்கள். இத்தனை நாள் நான் பார்த்துப் பார்த்து நெகிழ்ந்த சிரிப்பு அது. அப்பனும் மகளும் மாமனும் பிரிவுத் துயரத்தை மறைக்கச் சிரிக்கிறார்கள் என்று நினைத்திருந்தேன்.

"ஆடி முடியட்டும்ப்பா. நாங்க ஏர்போர்ட்டுக்குப் போனப்புறம் அம்மாகிட்ட நீங்க பக்குவமாச் சொல்லிருங்க," என்றாள் மகள். பிறகு என் அறையின் பக்கம் திரும்பினாள்.

"போறேன்."

"அப்படிச் சொல்லாத சாமி. வாரேன்னு சொல்லு," என்றது என் கணவரின் குரல்.

"இன்னும் ஒரு பொய்யாப்பா? இதையாவது நெசமாச் சொல்லிக்கறனே."

கார்க் கதவு சாத்தும் சத்தம். யாரோ எலுமிச்சம்பழம் வைத்தாயிற்றா என்று கேட்டார்கள். அவ்வளவுதான்.

கம்ப்யூட்டர் டீச்சர் எழுந்து போய் ஒவ்வொரு ஜன்னலாகச் சாத்தினாள். சாத்தி முடித்த பிறகும் திரும்பாமல் அங்கேயே நின்றாள். எனக்கு அழுகை வரவில்லை. ப எழுத்துக்கு இரண்டு உதடும் ஒட்ட வேண்டும், வ எழுத்துக்குக் கீழுதடு மேல்பல்லைத் தொட வேண்டும். ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு என் வாயைக் காட்டியே வருஷா வருஷம் இதைச் சொல்லிக்கொடுக்கிறேன். மறுபடி சத்தத்தை அணைத்துவிட்டுப் பார்த்தேன். மகளின் இரண்டு உதடுகளும் அழுத்தமாக ஒட்டிப் பிரிந்தன. இதை எப்படி வாரேன் என்று படித்தேன்?

அந்த ஞாயிற்றுக்கிழமை மதியம் கணவர் சாப்பிட உட்கார்ந்தார். சாமைச் சோறும் மொச்சைக் குழம்பும் போட்டேன். இரண்டு வாய் சாப்பிட்ட பிறகு, போனை அவர் தட்டுக்கு முன்னால் சாய்த்து வைத்து ஓடவிட்டேன். 'ஏங்கண்ணு, பாஸ்போர்ட்டெல்லாம்' என்று தம்பியின் குரல் வந்ததும் அவர் கை நின்றது. கடைசிவரை கேட்டார். தலையைத் தூக்கி என்னைப் பார்த்து முதலில் கேட்டது இதைத்தான்:

"சத்தம் எப்படி வந்துச்சு?"

இன்றைக்கும் என்னால் மறக்க முடியாதது அந்தக் கேள்வி.

"மைக்கு ரிப்பேர்னு சொன்னீங்களே, அது எப்படி வந்துச்சு?" என்றேன்.

அவர் தட்டில் கை வைத்தபடியே பேசினார். "கல்யாணத்துக்கு முன்னாலயே வேல கெடச்சிருச்சு அந்தப் பையனுக்கு. அங்க லாரி ஒர்க்ஷாப்புல. சொன்னா நீ இந்த எடத்தையும் வேண்டாம்னு சொல்லிருப்ப. புள்ளைக்குப் பையனப் புடிச்சிருந்துச்சு. உன்கிட்டச் சொல்லிட்டு, நீ சாப்படாமத் தூங்காமக் கெடக்கறத யாரு பாக்கறது? மண்டபத்துல ஒரு நா தாங்கல உன் ஒடம்பு. எல்லாம் உன் நல்லதுக்குத்தான்."

"எத்தன பேருக்குத் தெரியும்?"

அவர் ஒவ்வொருவராகச் சொன்னார். மாப்பிள்ளை வீட்டுக்குத் தெரியும், என் தம்பி பெண்டாட்டிக்குத் தெரியும், வெட்டி ஒட்டிய ஸ்டுடியோக்காரருக்குக்கூடத் தெரியும். நாமக்கல்லில் மகள் வீட்டுக்குக் குக்கர் வாங்கலாமா, கிரைண்டர் வாங்கலாமா என்று நான் அலைந்ததை எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். "கிரைண்டரே வாங்கு, பெருசா," என்று சொன்னவர்தான் எதிரில் உட்கார்ந்திருந்தார். அந்தக் கிரைண்டர் மகள் வீட்டில் அட்டைப்பெட்டிகூடப் பிரிக்காமல் இருப்பதன் காரணம் அப்போதுதான் புரிந்தது.

"ஏனுங்க, நான் அழுதிருப்பேன். சண்ட போட்டிருப்பேன். அப்புறம் நானே இட்லிப் பொடி அரைச்சு, பனிக்கு ஸ்வெட்டர் பாத்து வாங்கிக் குடுத்திருப்பேன். உங்களுக்கு என்னத் தெரியாதா?"

"தெரியுது... இப்பத் தெரியுது."

"புள்ளைக்கு நான் கேட்டுட்டேன்னு தெரியக் கூடாது. அதுவா வந்து சொல்லுதான்னு பாக்கறேன். நீங்க சொல்லக் கூடாது. இத்தன நாளா என்கிட்ட மறைச்சீங்க, இப்ப அதுகிட்ட மறைங்க."

அவர் அதைக் கடைப்பிடித்தார். இந்த வீட்டில் ரகசியம் காப்பது அவருக்குப் பழகிய வேலை.

ஆடிக்கு மகளையும் மருமகனையும் அழைத்து வந்தோம். மழையும் மூடுபனியுமாக இருந்தது மலை. மருமகன் நல்ல பையன், எதைக் கேட்டாலும் "ஆமாங்கத்த", "சரிங்கத்த" என்று கண்ணைப் பார்க்காமல் சொன்னான். எனக்கு இப்போது காது இருந்தது. அவர்கள் பேசுவதெல்லாம் இரண்டு மடங்காகக் கேட்டது. கிணற்றடியில் துணி அலசும்போது அவளுக்கு வாய்ப்புக் கொடுத்தேன். பலாக்கொட்டை உரிக்கும்போது கொடுத்தேன். அவள் பக்கத்தில் படுத்து, தலையைக் கோதிக்கொண்டே கேட்டேன்:

"தல தீவாளிக்கு வந்துருவீங்கல்ல கண்ணு? துணி எடுக்கணும், அதான்."

விரல்களுக்கு அடியில் அவள் தலை அசையாமல் இருந்தது. "வாரோம்மா," என்றாள்.

வேறு எதையும் நான் கேட்கவில்லை.

கிளம்பும் நாளன்று என் கணவர் மருமகனின் காரில் மிளகும் காப்பித்தூளும் ஏற்றினார். கனமான மூட்டை இல்லை, விமானத்துக்கு ஏற்ற அளவில் சின்னச் சின்னப் பொட்டலங்கள். அவரே நிறுத்துக் கட்டியிருந்தார். அதைப் பார்த்துக்கொண்டே வாசலில் நின்றேன். மகள் வந்து என் கையைப் பிடித்தாள். முகம் வீங்கியிருந்தது. உள்ளே போய் அழுதிருக்கிறாள்.

"வாரேன்மா."

கீழுதடு மேல்பல்லைத் தொட்டதை நன்றாகப் பார்த்தேன். இந்த முறை சரியான எழுத்துத்தான்.

"போறேன்னு சொல்லு கண்ணு," என்றேன். "மண்டபத்துல அப்படித்தான சொன்ன. அன்னிக்கு என் போனுக்குக் கேக்கல. இப்பக் கேக்குது."

அவள் அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள். அவர் டிக்கியில் பொட்டலங்களை அடுக்கிக்கொண்டே இருந்தார், அடுக்க அங்கே ஒன்றும் மிச்சமில்லை. மருமகன் காருக்குள் போய் உட்கார்ந்துவிட்டான்.

"அம்மா, நான் சொல்லலாம்னுதான்..."

"சொல்லு. இன்னும் நீ ஏர்போர்ட்டுக்குப் போவலியே."

சொல்லவில்லை. என் தோளில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதாள். நான் அவள் முதுகைத் தடவினேன், கை தானாகவே தடவியது. மனது தடவவில்லை. மழை வலுத்ததும் அவள் ஏறிக்கொண்டாள். வாரேன் என்றும் சொல்லவில்லை, போறேன் என்றும் சொல்லவில்லை. கார் வளைவில் மறைந்த பிறகு நான் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ரொம்ப நேரம் கழித்து அது அடித்தது.

"எறங்கிட்டேன்மா. காரவள்ளி," என்றாள்.

"சரி சாமி," என்றேன்.

ஆவணியில் கனடா போய்விட்டார்கள். ஏர்போர்ட்டுக்கு நான் போகவில்லை. கூப்பிட்டார்கள், போகவில்லை. தம்பி வீட்டில் விசேஷம் வந்தது, அதற்கும் போகவில்லை. "இன்னும் எத்தன நாளைக்கு?" என்று கணவர் கேட்கிறார். அவர் மழை வரும் என்று சொன்னால்கூட வெளியே போய் ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் துணியை எடுக்கிறேன்.

அந்தக் கோடெக் இன்னும் என் போனில் இருக்கிறது. இடம் போதவில்லை, வேண்டாத கோப்புகளை நீக்கு என்று போன் சொல்லும்போதெல்லாம் பட்டியலில் அதுவும் வருகிறது. விட்டுவைக்கிறேன். மகள் ஞாயிற்றுக்கிழமைகளில் வீடியோவில் வருகிறாள். பள்ளித் தண்ணீர்த் தொட்டிக்கருகே போய் நின்று பேசுகிறேன். பாதியில் அவள் முகம் அசையாமல் நின்றுவிடும், குரல் மட்டும் வந்துகொண்டிருக்கும். பேச ஒன்றுமில்லாதபோது, "சரிம்மா, வச்சிடறேன்," என்கிறாள்.

"ம்," என்கிறேன் நான்.